பொன்னுரங்கத்தின் கட்டைவிரல்

பொன்னுரங்கத்தின் முகத்தை யாருக்கும் தெரியாது. ஆனால் அவருடைய வலது கைக் கட்டைவிரல் செய்த வேலையைப் பார்க்காத வீடு இந்தத் தமிழ்நாட்டிலேயே கிடையாது.

சாயங்கால சீரியலில் மாமியார் ஒரு குண்டைத் தூக்கிப் போடுவார். "இவ உன் பொண்ணே இல்லடி!" அவ்வளவுதான், இடி இடிக்கும். மருமகள் முகம் சரேலென்று கிட்ட வரும். அடுத்து மாமனார் முகம் கிட்ட வரும். காபித் தட்டோடு சும்மா நின்ற வேலைக்காரம்மா முகம்கூடக் கிட்ட வரும். அத்தனையும் அந்தக் கட்டைவிரல் பண்ணின காரியம். கேமராவின் கைப்பிடியில் ஜூம் பொத்தான் இருக்கும், விரல் அதை அமுக்கும், முகம் பாய்ந்து வரும். ஒருநாள் ஆர்வக்கோளாறில் வீட்டு நாய்க்கும் ஜூம் போட்டுவிட்டார். நாய் திடுக்கிட்டதை வீட்டுக்கு வீடு பேசினார்கள்.

அப்படி ஓகோவென்று இருந்த மனுஷன், ஐம்பது வயசு தாண்டின பிறகு, "நான் சினிமா கத்துக்கணும்" என்று கிளம்பி வந்துவிட்டார். கேட்டவர்கள் எல்லாம் தலையில் அடித்துக்கொண்டார்கள்.

காரணம் ஒரு தியேட்டர். ஒரு படத்தில் பஸ் ஸ்டாண்டில் உட்கார்ந்திருக்கும் ஒரு கிழவர் முகம். கேமரா அசையவே இல்லை. இடி இல்லை, மின்னல் இல்லை. பொன்னுரங்கத்தின் கட்டைவிரல் நாற்காலிக் கைப்பிடியைப் போட்டு அமுக்கு அமுக்கென்று அமுக்கியது. முகம் கிட்ட வரவில்லை. ஆனால் பொன்னுரங்கம் விசும்பி விசும்பி அழுதுவிட்டார், பக்கத்து சீட்டுக்காரர் கர்சீப் கொடுக்கிற அளவுக்கு.

அந்தப் படத்தின் ஒளிப்பதிவாளர் பேர் அமலோற்பவம். தூத்துக்குடிப் பொம்பளை. பொன்னுரங்கத்தின் கடைசித் தங்கையைவிட வயசில் சின்னவர். பொன்னுரங்கம் அவரைத் தேடிப் போய்க் கேட்டார், அசிஸ்டென்டாகச் சேர்ந்தார். அவர் இவரை "அண்ணே" என்பார், இவர் அவரை "மேடம்" என்பார். இதில் யார் குரு, யார் சிஷ்யன் என்று படப்பிடிப்பு பார்க்க வந்த சனம் குழம்பிப்போகும்.

படப்பிடிப்பு உடுமலைப்பேட்டைக்குப் பக்கத்தில், இழுத்து மூடிப்போன ஒரு பஞ்சாலையில் நடந்தது. ஆலையைக் காப்பாற்றப் போராடித் தோற்றுப்போகும் ஒரு தொழிலாளியின் கதை. அந்தத் தொழிலாளியாக நடித்தவர் வசுமதி. கண்ணாலேயே பேசக்கூடிய நடிகை.

முதல் நாள் பொன்னுரங்கத்துக்கு இரண்டாவது கேமராவைக் கொடுத்தார்கள். ஆலை மூடுகிற செய்தியைக் கேட்டு வசுமதி நிற்கிறார். கண்ணில் தண்ணீர் வரவில்லை, வரப்போகிறது. பொன்னுரங்கத்துக்கு நெஞ்சு அடைத்தது. அடைத்ததும் கட்டைவிரல் தன் பாட்டுக்கு அமுக்கிவிட்டது!

மானிட்டரில் வசுமதியின் முகம் சரேலென்று பாய்ந்து வந்தது.

"டும்... டும்... டும்!" என்று இடி ஓசையை வாயாலேயே எழுப்பினான் லைட்மேன் மாசிலாமணி. "ரங்கண்ணே, நாய் ரெடியா?"

யூனிட்டே வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது. டைரக்டர் இளம்பரிதி மட்டும் சிரிக்கவில்லை. இளம் வயசு, மூக்குக்கு மேல் கோபம். "மேடம், அந்த ஆளை கேமரா பக்கம் விடாதீங்க" என்று சொல்லிவிட்டு எழுந்து போனார்.

பொன்னுரங்கத்துக்கு அவமானத்தில் காது சுட்டது. மத்தியானச் சாப்பாடு இறங்கவில்லை. அந்த நேரம் பார்த்து, விட்டுவந்த சீரியல் கம்பெனி மேனேஜரிடமிருந்து போன் வேறு.

"அண்ணே, போதும்ணே விளையாட்டு. புது சீரியல் ஆரம்பிக்குது. திங்கக்கிழமை வந்தா கேமரா உங்களுக்கு. வரலேன்னா வேற ஆளைப் போட்டுருவாங்க. அப்புறம் என்னைக் குத்தம் சொல்லக்கூடாது."

"சொல்றேன்பா" என்று போனை வைத்தார். நேராக அமலோற்பவத்திடம் போனார்.

"மேடம், ஒண்ணு கேக்கணும்."

"கேளுங்கண்ணே."

"இந்த விரலை என்ன பண்றது? வெட்டிப் போடவா?"

அமலோற்பவம் அந்த விரலைக் கொஞ்ச நேரம் பார்த்தார்.

"சாயங்காலம் கபடி பாக்கப் போலாமாண்ணே?"

குரு என்றால் இப்படித்தான் போல. தலை போகிற கேள்வி கேட்டால் கபடிக்குக் கூப்பிடுவார்கள். பொன்னுரங்கம் தலையை ஆட்டிவைத்தார்.

ஊர் மைதானத்தில் ஜேஜே என்று கூட்டம். உள்ளூர் அணிக்கும் பொள்ளாச்சி அணிக்கும் ஆட்டம். விசில் என்ன, மேளம் என்ன! பொன்னுரங்கம் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு கூட்டத்தை இடித்துப் பிளந்து, கோட்டுக்குப் பக்கத்திலேயே இடம் பிடித்துவிட்டார்.

"இப்படித் திரும்பி நில்லுங்கண்ணே" என்றார் அமலோற்பவம்.

"எப்படி?"

"ஆட்டத்துக்கு முதுகைக் காட்டி. கூட்டத்தைப் பாருங்க. ஆட்டத்துல என்ன நடக்குதுன்னு எனக்குச் சொல்லுங்க."

"மேடம், இதென்ன கொடுமை!"

"சொல்லுங்கண்ணே."

திரும்பி நின்றார். முதலில் வெறும் தலைகள்தான் தெரிந்தன. கொஞ்ச நேரத்தில் முகங்கள் தெரிய ஆரம்பித்தன. சுண்டல் விற்கிறவர் கரண்டியை அந்தரத்தில் நிறுத்தினார். ஒரு பையன் நகத்தைக் கடித்தான். பள்ளிக்கூட டீச்சர் மாதிரி இருந்த ஒரு அம்மா, "புடிங்கடா, காலைப் புடிங்கடா!" என்று கத்தினார்.

"அவங்க ஆள் பாடி வந்திருக்கான்" என்றார் பொன்னுரங்கம்.

"ம்."

"சிக்கிட்டான்! இல்ல இல்ல... தப்பிச்சுட்டான். நம்மாளு ரெண்டு பேரைத் தொட்டுட்டுப் போயிட்டான்."

"சரிதான்" என்றார் அமலோற்பவம்.

பொன்னுரங்கத்துக்கு உற்சாகம் பிய்த்துக்கொண்டது. அட, எல்லாம் இங்கேயே எழுதி ஒட்டியிருக்கிறதே! அவுட் என்றார், போனஸ் என்றார், அம்பயரோடு சண்டை என்றார். சொன்னதெல்லாம் அச்சு அசலாக நடந்தது. நடுவில் ஒரு மீசைக்காரர் அவர் கண்ணில் பட்டார். ஆட்டம் தொடங்கியதிலிருந்து அசையாமல் கையைக் கட்டி நிற்கிறார். சிரிப்பும் இல்லை, கோபமும் இல்லை. "இவர் மூஞ்சியைப் பாத்து மட்டும் என்ன நடக்குதுன்னு சொல்ல முடியல மேடம்" என்றார்.

"பாத்துக்கிட்டே இருங்க."

கடைசி ரைடு வந்தது. இரண்டு பக்கமும் சமம். மேளம் நின்றது, விசில் நின்றது, கூட்டம் மூச்சைப் பிடித்தது. பின்னால் "கபடி கபடி கபடி" என்று ஒரே குரல். காலடி மண்ணில் சரசரக்கிறது. பொன்னுரங்கத்துக்கு முதுகெல்லாம் கூசியது. தாங்க முடியவில்லை. ஒரே ஒரு நொடி...

திரும்பிவிட்டார்.

உள்ளூர்ப் பையன் கோட்டைத் தொட்டுவிட்டான்! மைதானமே எகிறிக் குதித்தது. பொன்னுரங்கமும் குதித்தார்.

"திரும்பிட்டீங்கண்ணே."

"கடைசி ரைடு மேடம்! திரும்பாம இருந்தா அவன் மனுஷனா?"

"அந்த மீசைக்காரர் என்ன பண்ணாருன்னு பாத்தீங்களா?"

"ஐயோ, இல்லையே! என்ன பண்ணாரு?"

"பக்கத்துல நின்ன போலீஸ்காரரைக் கட்டிப் புடிச்சு முத்தம் குடுத்துட்டாரு. தொப்பி எங்கயோ போய் விழுந்துச்சு. குடுத்துட்டு அழுதாரு."

பொன்னுரங்கம் மீசைக்காரரைத் தேடினார். போலீஸ்காரர் குனிந்து தொப்பியைத் தட்டிக்கொண்டிருந்தார். மீசைக்காரர் மறுபடியும் கையைக் கட்டிக்கொண்டு நின்றார்.

"அடடா! அடடா! போச்சே மேடம், அது போச்சே!"

ராத்திரி வரைக்கும் புலம்பித் தீர்த்தார்.

மறுநாள் விஷயம் பெரிசாக வெடித்தது. நிஜமாகவே வெடிதான். ஆலைக்காரர்கள் அந்தப் பழைய புகைபோக்கியை வெடி வைத்துச் சாய்க்கப்போகிறார்கள். செங்கல்லில் கட்டியது. அண்ணாந்து பார்த்தால் கழுத்து வலிக்கும். அது விழும்போது வசுமதி அதைப் பார்த்துக்கொண்டு நிற்க வேண்டும். படத்தின் கடைசிக் காட்சியே அதுதான். விழுவதை எடுக்க வெளியே இரண்டு கேமரா. வசுமதியின் முகத்தை எடுக்க, கேட் பக்கத்து வாட்ச்மேன் அறைக்குள் ஒளித்து வைத்த ஒரு கேமரா.

"முகத்தை ரங்கண்ணே எடுப்பாரு" என்றார் அமலோற்பவம்.

இளம்பரிதிக்குச் சுர்ரென்று ஏறியது. "மேடம், விளையாடுறீங்களா? ஒரே சான்ஸ். ரீடேக்னு கத்தினா புகைபோக்கி எழுந்து நிக்காது!"

"தெரியும்."

"அந்த ஆள் ஜூம் போட்டா படமே சிரிப்பா சிரிச்சிரும். நீங்களே எடுங்க."

"ரங்கண்ணே எடுப்பாரு."

"கெட்டுப்போச்சுன்னா?"

"கெட்டுப்போச்சுன்னா இந்தப் படத்துல என் பேரைப் போட வேணாம்."

பொன்னுரங்கம் இதைக் கேட்டுவிட்டார். தன் பேர் கெடுவது வேறு விஷயம். அது நாயோடு ஏற்கெனவே கெட்டதுதான். இந்தம்மா பேர் அல்லவா கெடும்!

அறைக்குள் கேமராவை நிறுத்தினதும் மெதுவாகக் கேட்டார். "மேடம், பிளாக் லென்ஸ் போட்டுக் குடுத்துருங்க."

பிளாக் லென்ஸில் ஜூம் கிடையாது. எவ்வளவு அமுக்கினாலும் முகம் இருந்த இடத்தில்தான் இருக்கும்.

"ஜூம் லென்ஸ்தாண்ணே" என்றார் அமலோற்பவம்.

"பொத்தானையாவது கழட்டிருங்க."

"இருக்கட்டும்."

பொன்னுரங்கம் என்ன செய்தார்? மாசிலாமணியிடம் கறுப்பு டேப் வாங்கி, கட்டைவிரலை மற்ற விரல்களோடு சேர்த்துச் சுற்று சுற்றென்று சுற்றிக்கொண்டார். கை பார்க்கப் பட்டாசில் சுட்டுக்கொண்ட பிள்ளையின் கை மாதிரி ஆகிவிட்டது.

அமலோற்பவம் வந்தார், பார்த்தார். அவர் கையைத் தன் கையில் எடுத்து, டேப்பை நுனியிலிருந்து உரித்தார். முடியெல்லாம் பிடுங்கிக்கொண்டு வந்தது.

"ஆ! மேடம்!"

"விரல் வேணும்ணே" என்றார். விரலைப் பொத்தான் மேல் அவரே எடுத்து வைத்தார்.

அறையின் ஜன்னல் வசுமதியைப் பார்த்து இருந்தது. பின்னால் கதவு. கதவு வழியாகப் பார்த்தால் புகைபோக்கி முழுசாகத் தெரியும். தலையைக் கொஞ்சம் திருப்பினால் போதும். அமலோற்பவம் கதவுப் பக்கம் போய் நின்றதைப் பொன்னுரங்கம் ஓரக்கண்ணால் பார்த்தார். நல்லா பாருங்க மேடம், நீங்களாவது நல்லா பாருங்க என்று மனசுக்குள் சொல்லிக்கொண்டார்.

சைரன் ஊதியது. வெளியே ஆயிரம் செல்போன் மேலே எழும்பியது. ஊரே ஆலைச் சுவரில் தொற்றிக்கொண்டு நின்றது.

"ரோல் கேமரா!" என்று இளம்பரிதியின் குரல் கேட்டது.

பொன்னுரங்கம் கண்ணைக் கேமராவில் வைத்தார். தலையிலிருந்து கால் வரைக்கும் வசுமதி நின்றார். பஞ்சு மில் யூனிஃபார்ம் சேலை, காலில் தேய்ந்த செருப்பு. கண் மேலே புகைபோக்கியின் உச்சியில்.

மறுபடி சைரன். அப்புறம் ஒன்றும் இல்லை. காக்காகூடக் கத்தவில்லை.

பின்னால் கதவு கிரீச்சென்றது. மேடம் வெளியே போய்விட்டார் போல. ஆமாம், எப்படி உள்ளே நிற்பது? பொன்னுரங்கத்தின் முதுகு கூச ஆரம்பித்தது. அதே கபடிக் கூச்சம். திரும்பு, ஒரே ஒரு நொடி, திரும்பு!

அப்போது வசுமதியின் வலது காலைப் பார்த்தார். ஒத்திகையில் இல்லாத ஒன்று. அந்தம்மா செருப்பைக் கழற்றிக்கொண்டிருந்தார். கோயில் வாசலில் கழற்றுவது மாதிரி, ஒரு காலால் இன்னொரு காலை நெம்பி.

பொன்னுரங்கத்துக்கு முதுகு மறந்துபோனது.

டமார்!

தரை ஆடியது. ஜன்னல் கம்பி அதிர்ந்தது. வெளியே, "ஓ!" என்று ஊரே அலறியது. வசுமதியின் கண்கள் மேலேயிருந்து கீழே வந்தன. மெதுவாக, மெதுவாக வந்து தரையில் நின்றன. உதடு எதையோ சொல்லப் பார்த்து விட்டுவிட்டது. அடுத்த நொடி தூசி வந்து மோதியது. வசுமதியைக் காணவில்லை. கேமராவுக்குள் வெள்ளையைத் தவிர ஒன்றும் இல்லை.

வெளியே கைதட்டல், விசில். "சூப்பர்! சூப்பர்!" என்று யாரோ கத்தினார்கள். மற்ற இரண்டு கேமராக்காரர்களும் நிறுத்திவிட்டு ஒருத்தரை ஒருத்தர் கட்டிக்கொண்டார்கள். அவர்களுக்குத்தான் தெரியுமே, விழுந்து முடிந்துவிட்டது என்று.

பொன்னுரங்கத்துக்கு என்ன தெரியும்? அவர் பார்க்கவே இல்லையே! வெள்ளையைப் பார்த்துக்கொண்டு நின்றார். ஜன்னல் வழியாகப் புகுந்த தூசியில் கண் எரிந்து தாரை தாரையாக ஊற்றியது. துடைக்கவில்லை. அந்தம்மா அங்கேதான் இருக்கிறார். போகவில்லை. போயிருந்தால் எனக்குத் தெரியும்.

தூசி கொஞ்சம் விலகியது. முதலில் ஒரு நெற்றி. அப்புறம் கண். தலையெல்லாம் வெள்ளை, புருவமெல்லாம் வெள்ளை. ஒரே நிமிஷத்தில் வசுமதி கிழவியாகி நின்றார். அவர் இன்னும் நடித்துக்கொண்டுதான் இருந்தார். இல்லை, நடிக்கவே இல்லை. கையை நீட்டினார். காற்றில் மிதக்கிற தூசியை, ஆலை ஓடின காலத்தில் பஞ்சைப் பிடித்தது மாதிரி விரலால் பிடித்தார். பிடித்துத் திரித்தார், நூல் திரிக்கிற மாதிரி. திரித்துவிட்டு, சிரித்தார்.

அந்தச் சிரிப்பு முடிந்து, முகம் திரும்பி, அவர் வெறுங்காலோடு நடந்து தூசிக்குள் மறையும் வரைக்கும் கேமரா ஓடியது.

"கட்" சொல்ல ஆளே இல்லை. பொன்னுரங்கம் தானே நிறுத்தினார்.

இளம்பரிதி மூச்சிரைக்க ஓடிவந்தார். "தூசி வந்ததும் நிறுத்தியிருப்பீங்களே! வசுமதியக்கா என்னமோ பண்ணாங்களாமே, எவனும் எடுக்கலியாமே!"

"நிறுத்தலியே சார்" என்றார் பொன்னுரங்கம்.

"என்னது?"

"நிறுத்தணுமா? முடிஞ்சுருச்சா? எனக்குத் தெரியாது சார்."

போட்டுக் காட்டினார்கள். அந்தச் சின்ன அறைக்குள் யூனிட்டே வந்து அடைந்தது. செருப்பு கழன்றது. கண் இறங்கியது. வெள்ளை. வெள்ளை. வெள்ளை. மாசிலாமணி, "அவ்ளோதான், போச்சு" என்று வாயைத் திறந்தான். நெற்றி தெரிந்தது. திறந்த வாயை அவன் மூடவே இல்லை. வசுமதி நூல் திரித்தபோது அவன் கண்ணைத் துடைத்துக்கொண்டான்.

ஓடி முடிந்தது. இளம்பரிதி பொன்னுரங்கத்தின் அருகில் வந்தார். சட்டென்று கட்டிப்பிடித்து, தூசி படிந்த கன்னத்தில் ஒரு முத்தம் கொடுத்துவிட்டார்.

பொன்னுரங்கத்துக்கு அந்த மீசைக்காரர் ஞாபகம் வந்து குபுக்கென்று சிரிப்பு வந்துவிட்டது.

அப்புறம் என்ன, திருவிழாதான்! டீ வந்தது, பஜ்ஜி வந்தது. ஆளாளுக்கு செல்போனில் புகைபோக்கி விழுவதைப் போட்டுப் போட்டுக் காட்டினார்கள். "முதல்ல நடுவுல மடங்குச்சு பாரு!" "இல்லப்பா, அடியில கழண்டுச்சு!" என்று மாசிலாமணி டீ கிளாஸை வைத்து விழுகிற விதத்தை நடித்தே காட்டினான்.

சீரியல் மேனேஜர் மறுபடி கூப்பிட்டார்.

"அண்ணே, என்ன முடிவு? திங்கக்கிழமை வர்றீங்கல்ல?"

"வேற ஆளைப் போட்டுக்கப்பா" என்றார் பொன்னுரங்கம். "நாய் நல்லா நடிக்கும். அதுக்கு மட்டும் குறை வைக்காதீங்க."

அமலோற்பவம் வாட்ச்மேன் அறையில் லென்ஸைத் துடைத்துக்கொண்டிருந்தார். பொன்னுரங்கம் ஒரு டீயை எடுத்துக்கொண்டு போய் அவர் பக்கத்தில் வைத்தார்.

"மேடம், ஊரே பாத்துருச்சு. நான் ஒருத்தன்தான் பாக்கல. செல்போன்ல பாக்கவும் மனசு வரல. நீங்க வாசல்ல நின்னுதானே பாத்தீங்க? நீங்க சொல்லுங்க, எப்படி விழுந்துச்சு?"

"நானும் பாக்கலண்ணே."

"கதவு திறந்த சத்தம் கேட்டுச்சே?"

"தூசி உங்க மேல வருமேன்னு சாத்தினேன். உள்ளதான் நின்னேன்."

"உள்ள நின்னு?"

"உங்க கட்டைவிரலைப் பாத்துக்கிட்டிருந்தேன்."

பொன்னுரங்கம் தன் வலது கையைத் தூக்கிப் பார்த்தார். டேப் உரித்த இடம் இன்னும் சிவந்திருந்தது. அத்தனை நேரமும் அந்த விரல் பொத்தான் மேல்தானே இருந்தது! அவருக்கு அந்த ஞாபகமே இல்லை.

"அது என்ன மேடம் பண்ணுச்சு?" என்று கேட்டார்.

அமலோற்பவம் டீயை எடுத்து ஒரு வாய் குடித்தார்.

"அதுவும் அந்தம்மா முகத்தைத்தான் பாத்துக்கிட்டிருந்துச்சு."